மாமன் தூக்காத மணப்பெண்

பாளையங்கோட்டையில் ஒரு பெண்கள் கல்லூரியில் பொருளாதாரம் சொல்லிக்கொடுக்கிறேன். அதில் மக்கள்தொகைப் பாடம் என்று ஒன்று உண்டு. மற்ற ஆசிரியர்கள் அதை “நீங்களே வாசிச்சுக்கிடுங்க” என்று தாண்டிவிடுவார்கள். எனக்கு அதில் ஒரு குஷி. நூறு வருஷத்துக்கு முன்னால் மதராஸ் மாகாணத்தில் கர்ப்பத்தடை என்று வாயைத் திறந்தவர்களை ஆபாசம் பேசுகிறார்கள் என்று வைததையும், பின்னாளில் அரசாங்கமே சுவர் சுவராகக் குடும்பக் கட்டுப்பாட்டுச் சின்னமான சிவப்பு முக்கோணத்தை வரைந்ததையும், முகாமுக்கு வந்த ஆண்களுக்கு வாளியும் டிரான்சிஸ்டரும் கொடுத்து அனுப்பியதையும் நடித்தே காட்டுவேன். நெருக்கடி நிலைக் காலத்தில் வடக்கே ஆட்களைப் பிடித்துக்கொண்டுபோய் அறுத்தது, அந்தப் பயத்தில் நாடெங்கும் ஆண்கள் பைய நழுவிக்கொண்டது, அதற்கப்புறம் மொத்தப் பாரமும் பெண்கள் வயிற்றில் போய் இறங்கியது என்று வரும்போது குரலைக் கொஞ்சம் தாழ்த்துவேன். மாணவிகள் தலையைக் குனிந்து குறிப்பெடுப்பார்கள்.

என் மனைவி பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். அவளிடம் குரலைத் தாழ்த்திப் பிரயோஜனம் இல்லை.

எங்களுக்கு இரண்டு பெண்கள். இரண்டுமே வயிற்றைக் கிழித்து எடுத்தவை. இரண்டாவது பிறந்தபோதே “கையோடு கருக்குழாயையும் கட்டிவிடட்டுமா” என்று டாக்டர் கேட்டார். குழந்தை கண்ணாடிப் பெட்டியில் கிடந்தது. அது தேறட்டும் என்று ஒத்திப்போட்டோம். அப்புறம் மாத்திரை சாப்பிட்டாள். தலைவலி வந்து, கணக்கு நோட்டில் சரிக்கெல்லாம் தப்புப் போட ஆரம்பித்தாள். காப்பர்-டி வைத்துக்கொண்டாள், மாதத்தில் பாதி நாள் ரத்தம் போய் வெளுத்துப்போனாள். எடுத்துவிட்டார்கள். மிச்சம் இருந்தது ஆணுறை. அதை வாங்குவது என் பொறுப்பு.

வண்ணார்பேட்டையில் நான் வாங்குகிற மருந்துக்கடை அண்ணாச்சி மரியாதைக்காரர். நான் படியேறும்போதே, கூட்டம் இருந்தாலும், “சாருக்கு எப்பவும் உள்ளதுதான?” என்று கேட்டுவிட்டு, செய்தித்தாளில் பொதிந்து, கறுப்புப் பைக்குள் போட்டு, அந்தப் பையையும் முடிந்து தருவார். ஒருநாள் பக்கத்தில் எங்கள் வரலாற்றுத் துறை அம்மையார் நின்றிருந்தார்.

“சாருக்குப் பிரஷரா?” என்றார்.

“ஆமாம்” என்றேன்.

அதிலிருந்து ஆசிரியர் அறையில் யார் ஊறுகாய் கொண்டுவந்தாலும் எனக்கு மட்டும் தரமாட்டார்கள்.

இப்படியே ஓடிக்கொண்டிருந்தபோது ஒரு மாதம் மனைவிக்கு நாள் தள்ளிப்போயிற்று. அந்த வாரம் வீட்டில் யாரும் யாரையும் கோபித்துக்கொள்ளக்கூட இல்லை, அவ்வளவு பயம். கடைசியில் ஒன்றுமில்லை என்று தெரிந்தது. அன்று சாயங்காலம் அவள் காபியை என் முன்னால் வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

“காலேஜ்ல அந்த முக்கோணத்தைப் பத்தி ஒரு மணி நேரம் பேசறேளாமே?”

“ஆமாம், அதுக்கென்ன?”

“மாத்திரை ஒரு கோணம். காப்பர்-டி ஒரு கோணம். ரெண்டையும் நான் பாத்துண்டாச்சு. மூணாவது யாரோடது?”

கணக்கு டீச்சரிடம் முக்கோணத்துக்கு இரண்டு கோணம்தான் என்று வாதாட முடியுமா? “நான் போறேன்” என்றேன்.

அது கார்த்திகை மாதம். ஆண்களுக்கான கருத்தடை விழிப்புணர்வு என்று எல்லா அரசு மருத்துவமனை வாசலிலும் பேனர் கட்டியிருந்தார்கள். பேனரில் ஒரு ஆண் சிரித்துக்கொண்டிருந்தான். அவனைத் தவிர அந்தப் பக்கம் ஆணென்று யாரும் கிடையாது. மேஜைக்குப் பின்னால் இருந்த நர்ஸ் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

“அம்மாவ கூட்டிட்டு வரலியா சார்?”

“அவங்க ஸ்கூலுக்குப் போயிருக்காங்க.”

“அவிய இல்லாம எப்படி சார்? ஆபரேஷன் அவியளுக்குத்தான?”

“எனக்கு.”

அவர் பேனாவைக் கீழே வைத்தார். “வீட்ல எதுவும் சண்டையா சார்?”

“இல்லையே.”

“ஒண்ணுமில்ல, கேட்டுவச்சேன். போன வருஷம் ஒருத்தர் பொஞ்சாதியோட கோவிச்சிட்டு வந்து, துணி மாத்திவிட்டதும் ஓடிட்டாரு.” பிறகு உள்பக்கம் திரும்பி, “டாக்டரம்மா, ஒரு ஆம்பள தானா வந்திருக்காவ” என்றார்.

அதற்குப் பிறகு எனக்குக் கிடைத்த உபசாரம் என் கல்யாணத்தில்கூடக் கிடைத்ததில்லை. பயிற்சி டாக்டர்கள் நாலைந்து பேர் வந்து சூழ்ந்துகொண்டார்கள். டாக்டரம்மா என்னைப் பாடமாக வைத்து அவர்களுக்கு விளக்கினார். நான் வாழ்க்கை முழுவதும் மற்றவர்களுக்குப் பாடம் நடத்தியவன். பாடமாகவே படுத்திருப்பது வேறு அனுபவம். ஒரு மரத்துப்போகிற ஊசி, அப்புறம் ஏதோ இழுப்பது போல ஒரு சங்கடம், அவ்வளவுதான். தையல் கிடையாது. எழுந்து உட்கார்ந்ததும் ஒரு சால்வையைப் போர்த்தினார்கள். பூங்கொத்தோடு ஒரு போட்டோ எடுக்கவேண்டும் என்றார்கள். சால்வைக்குச் சம்மதித்தேன், போட்டோவுக்கு மாட்டேன் என்று கையெடுத்துக் கும்பிட்டேன்.

“ஒரு வாரத்துக்கு ரெண்டு சக்கர வண்டி வேண்டாம், பாரம் தூக்கவே கூடாது” என்றார் டாக்டரம்மா. “மூணு மாசம் கழிச்சு டெஸ்ட் எடுக்கிற வரைக்கும் பழைய ஜாக்கிரதை அப்படியே இருக்கணும்.”

ஆட்டோவில் வீடு திரும்பினேன். நம்மூர்ச் சாலை. ஒவ்வொரு பள்ளத்துக்கும் “பைய போங்க, பைய போங்க” என்று சொல்லிக்கொண்டே வந்ததில் டிரைவர் கண்ணாடி வழியாக என்னைப் பார்த்தார்.

“மூலமா சார்?”

“ஆமாம்” என்றேன். எது கேட்டாலும் ஆமாம் என்பது அதற்குள் பழக்கமாகியிருந்தது.

“துத்தி எலைய நெய்யில வதக்கித் தின்னுங்க. எங்க மாமனாருக்கு அப்படித்தான் போச்சு” என்றார்.

அந்த வாரக் கடைசியில் நாங்குநேரியில் என் அக்கா பெண்ணுக்குக் கல்யாணம். எப்படியும் லீவு போடுகிறோமே, ஆபரேஷனையும் அதோடு சேர்த்து முடித்துவிட்டால் லீவு மிச்சம் என்று திட்டம் போட்டவன் நான்தான். கார் நெடுஞ்சாலையில் ஏறியதும் மனைவி சட்டென்று என் கையைப் பிடித்தாள்.

“ஏன்னா, மாலை மாத்தறச்சே பொண்ணைத் தூக்கணுமே.”

எங்கள் பக்கத்துக் கல்யாணங்களில் மாலை மாற்றும்போது பெண்ணை அவள் தாய்மாமன் தோளில் தூக்கிக்கொள்வான். பிள்ளையை அவனுடைய மாமன். இரண்டு பேரும் எட்டாத உயரத்துக்குத் தூக்கி, மாலை போடவிடாமல் விளையாட்டுக் காட்டுவார்கள். அக்காவுக்கு நான் ஒரே தம்பி. அவளுடைய மூத்த பெண் கல்யாணத்தில் நான் தூக்கிக்கொண்டு ஆடிய ஆட்டத்தை வீடியோவில் எல்லோரும் பார்த்திருக்கிறார்கள். இளையவளான கல்யாணப் பெண்ணோ பல்கலைக்கழக அணியில் வாலிபால் ஆடியவள், என்னைவிட ஒரு சாண் உயரம்.

“முதுகு பிடிச்சுண்டதுன்னு சொல்லிடறேன்” என்றேன். அவள் ஏதோ யோசனையாக வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். நான் சொன்னது காதில் விழுந்ததாக நினைத்துக்கொண்டேன்.

மண்டபத்தில் இறங்கியதும் அக்காவிடம் முதுகுவலி என்றேன். அவள் கவலைப்பட்டாள், நம்பினாள். அதற்குள் செய்தி பரவி, அக்கா கணவரான அத்திம்பேரின் சித்தப்பா ஒருவர் தைல பாட்டிலோடு என் அறைக்கு வந்துவிட்டார். “வேஷ்டியைத் தளர்த்திண்டு குப்புறப் படும்” என்றார். குப்புறப் படுப்பது அன்றைக்கு எனக்கு ஆகாத காரியம். “நாளைக்குப் பாத்துக்கலாம்” என்றேன். “நாளைக்கு எப்படித் தூக்குவீர்?” என்றார். அவரைச் சமாதானம் செய்து வெளியே அனுப்ப, உட்கார்ந்தபடியே கழுத்துக்கு மட்டும் தைலம் தேய்த்துக்கொள்ள வேண்டியதாயிற்று.

இதே நேரத்தில் சமையல்கட்டுப் பக்கம் மனைவி அக்காவின் நாத்தனாரிடம், “அவருக்குக் குடலிறக்கம், பாரம் தூக்கப்படாது” என்று சொல்லிக்கொண்டிருந்தாள். காரில் அவள் யோசித்தது அதைத்தான். இரண்டு கதையும் மண்டபத்தின் நடுவில் சந்தித்தன. அக்கா என் சின்னப் பெண்ணைக் கூப்பிட்டு மடியில் உட்கார்த்தி வைத்து, “அப்பாவுக்கு என்னடி உடம்பு?” என்று கேட்டாள். அது ஒன்றாம் வகுப்பு. “அப்பாவுக்கு ஆஸ்பத்திரியில சால்வை போத்தினா” என்றது.

ஆஸ்பத்திரியில் சால்வை போர்த்துகிற வியாதி எது என்று அக்கா யோசித்திருக்கிறாள். கொஞ்ச நேரத்தில் கல்யாணப் பெண்ணின் அறைக்கு எங்களைக் கூப்பிட்டு அனுப்பினாள். போனால், பெண் மருதாணிக் கையை விரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். அத்திம்பேர் ஜன்னல் ஓரத்தில் நிற்கிறார். அக்கா அழுது முடித்து இரண்டாம் தடவைக்குத் தயாராக இருக்கிறாள்.

“எங்கிட்ட மறைக்காதேடா. எனக்கு இருக்கறது நீ ஒருத்தன். டாக்டர் எத்தனை நாள்னு சொல்லியிருக்கார்?”

“ஒரு வாரம்” என்றேன், பாரம் தூக்காமல் இருப்பதை நினைத்து.

அக்கா ஓவென்று அழுதுவிட்டாள். மனைவி என் முதுகில் ஒரு குத்துவிட்டு, “அக்கா, அவருக்கு ஒண்ணும் இல்லை. குடும்பக் கட்டுப்பாடு பண்ணிண்டிருக்கார்” என்றாள்.

அழுகை நின்றது. கண்ணைத் துடைத்துக்கொண்டு அக்கா மனைவியைப் பார்த்தாள்.

“நீ குத்துக்கல்லாட்டம் இருக்கச்சே அவன் எதுக்குடி பண்ணிக்கணும்?”

“ரெண்டு தரம் என் வயித்தை வெட்டியாச்சு அக்கா. இவருக்குக் கொசு கடிச்ச மாதிரி முடிஞ்சுது.”

அத்திம்பேர் தொண்டையைச் செருமினார். வருவாய்த் துறையில் கிளார்க்காகச் சேர்ந்து தாசில்தாராக ஓய்வு பெற்றவர். எந்தச் சங்கடத்தையும் பழைய உத்தியோகக் கதை ஒன்றைச் சொல்லிக் கடந்துவிடுவார்.

“இப்ப நீங்கள்லாம் கூப்பிடாமலே போறேள். அந்தக் காலத்துல நாங்க பட்ட பாடு ராதாபுரத்துக்குத்தான் தெரியும். மாசத்துக்கு இத்தனை கேஸ் பிடிச்சுண்டு வரணும்னு எங்க எல்லார் தலையிலும் கட்டியிருந்தா. ஜீப் சத்தம் கேட்டா ஊர்ல ஒரு ஆம்பளை தரையில இருக்க மாட்டான். அத்தனை பேரும் பனை மேல. கீழ நின்னுண்டு நான் அண்ணாந்து பாத்துக் கூப்பிடுவேன். மேலேந்து ஒருத்தன், ‘வெயில்ல நிக்காதீங்க ஐயா, நீங்க போனப்பறம் எறங்குதேன்’ம்பான். பாவம், பதினியும் இறக்கிக் கொடுப்பான், கயித்துல கட்டி. ஆள் மட்டும் இறங்க மாட்டான்.”

நாங்கள் சிரித்தோம். அவருக்கும் தெம்பு வந்தது. “அவாளுக்கு எத்தனை எடுத்துச் சொல்லியிருக்கேன் தெரியுமா? இதுல ஒரு குறையும் வராது, உழைக்கிற பலம் குறையாது, வெக்கப்பட ஒண்ணும் இல்லைன்னு.”

பெண் மருதாணிக் கையை ஊதிக்கொண்டே கேட்டாள்: “அப்பா, நீங்க பண்ணிண்டேளா?”

அத்திம்பேர் ஜன்னல் பக்கம் திரும்பினார். பதில் அக்காவிடமிருந்து வந்தது.

“நான்தான் பண்ணிண்டேன். நீ பொறந்த மூணாம் நாள். அந்த மாசம் இவருக்கு ஒரு கேஸ் குறைஞ்சுது.”

“அப்படி இல்லைடி” என்றார் அத்திம்பேர்.

“வேற எப்படி? ரெண்டும் பொண்ணாப் போச்சேன்னு உங்கம்மா ஒரு வருஷம் எங்கூடப் பேசலை. அப்பவும், ஆபீஸ்ல நிர்ப்பந்தம்னு நீங்க அவாகிட்ட ஒரு வார்த்தை சொல்லலை. ஏதோ நானே ஆசைப்பட்டுப் போய்ப் படுத்துண்ட மாதிரி இருந்தேள்.”

அவள் குரலில் கோபமில்லை. யாருக்கு எத்தனை படி அரிசி என்று சொல்லும் குரல்தான். “பூக்காரன் வந்தானான்னு பாத்துட்டு வரேன்” என்று அத்திம்பேர் போய்விட்டார். அக்கா எழுந்து அவர் போன கதவைச் சாத்தினாள். பிறகு என்னைப் பார்த்து, “வலிச்சுதாடா?” என்றாள். “இல்லை” என்றேன். “எனக்கு வலிச்சுது” என்றாள். சொல்லிவிட்டுச் சிரித்தாள். நாங்கள் மூன்று பேரும் அவளோடு சேர்ந்து சிரித்தோம். மனைவி அவள் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

ஆனால் பெண்ணைத் தூக்குவது யார் என்பது தீரவில்லை. அத்திம்பேர் பக்கத்து ஒன்றுவிட்ட சகோதரர்களைக் கேட்டார்கள். என் முதுகுவலி ஒரு வழி காட்டிவிட்டது போலும், அவர்கள் எல்லோருக்கும் அன்று முதுகுவலி. பெண்ணின் வாலிபால் தோழிகள் சாயங்காலம் திருநெல்வேலியிலிருந்து வந்து சேர்ந்தார்கள். ஒருத்தி போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர், ஒருத்தி உடற்பயிற்சி டீச்சர், இன்னும் இரண்டு பேர் வங்கியில். விஷயத்தைக் கேட்டதும் சப்-இன்ஸ்பெக்டர் புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டாள்.

“இதுக்கா மாமா யோசிக்கிய? கப்பு வாங்குன அன்னைக்கு இவளத் தோள்ல வச்சிட்டுத்தான் மைதானத்தச் சுத்துனோம். நாங்க தூக்குதோம்.”

மறுநாள் காலையில் மந்திரம் சொல்ல வந்த வாத்தியாருக்கு இது பிடிக்கவில்லை. “மாமன் தூக்கறதுதான் வழக்கம்” என்றார். என்ன ஆகுமோ என்று நான் கையைப் பிசைந்துகொண்டு நின்றபோது, அத்திம்பேர் முன்னால் வந்தார். முதல் நாள் மத்தியானத்திலிருந்து அவர் அதிகம் பேசவில்லை. அக்காவை ஒரு தடவை பார்த்துவிட்டு, தாசில்தார் குரலில் கேட்டார்:

“வழக்கம், சரி. வேற யாரும் தூக்கப்படாதுன்னு தடை எங்கேயாவது இருக்கா?”

வாத்தியார் யோசித்தார். “தடைன்னு ஒண்ணும் இல்லை. மாமன் பேருக்கு ஒரு கை வச்சா தேவலை.”

நான் பேருக்குக் கை வைத்தேன். பட்டுப்புடவை கட்டிய நாலு பெண்கள் அவளைத் தூக்கிய வேகத்தில், என் கைக்கு எட்டியது அவளுடைய கணுக்கால் மட்டும்தான். அதைப் பிடித்துக்கொண்டு, நானும் தூக்குகிற மாதிரி முகத்தை வைத்துக்கொண்டேன். எதிர்ப்பக்கம் மாப்பிள்ளையின் மாமா, அம்பாசமுத்திரத்துக்காரர், நாற்பது வயது இருக்கும், மாப்பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தள்ளாடினார். பெண் மேலேயிருந்து ஒரே தடவையில் மாலையைப் போட்டுவிட்டாள். மாப்பிள்ளைக்கு எட்டவில்லை. எம்பினான், மாமா முட்டியை நிமிர்த்தினார், மறுபடி எம்பி மாலையை வீசினான். அது சப்-இன்ஸ்பெக்டர் கழுத்தில் போய் விழுந்தது. நாகஸ்வரக்காரருக்குச் சிரிப்பு வந்து ஊத முடியாமல், தவில் மட்டும் தனியாக ஓடியது. அக்கா கண்ணில் நீர் வரச் சிரித்ததை அன்றைக்குத்தான் பார்த்தேன்.

என் முதுகின் உண்மைக் கதை பந்திக்கு முன்பே எல்லா இலைக்கும் போய்ச் சேர்ந்துவிட்டது. யாரும் நேரில் ஒன்றும் சொல்லவில்லை. மாமிகள் என் மனைவியை ஒரு தினுசாகப் பார்த்தார்கள். சிலர் அவளுக்குத் தனியாக இரண்டாம் தடவை பாயசம் விட்டதாக அவளே சொன்னாள். ஆண்கள் என்னை விட்டு ஒரு நாற்காலி தள்ளி உட்கார்ந்தார்கள். ஆனால் நான் தனியாக எங்கே நின்றாலும் ஒருவர் வந்து பக்கத்தில் நிற்பார். வானத்தைப் பார்த்து மழை வரும் என்பார். பிறகு, “வலிக்குமோ?” என்பார். தைலக்காரச் சித்தப்பா எழுபதைத் தாண்டியவர், அவரும் வந்து, “அதுக்கப்புறம் எல்லாம் வழக்கம்போலத்தானா?” என்று கேட்டுவிட்டு, “சும்மா, தெரிஞ்சுக்கலாம்னு” என்றார்.

கை கழுவும் இடத்தில் என்னைப் பிடித்தவர் மாப்பிள்ளையின் மாமா. ஒரு கையால் இடுப்பைப் பிடித்துக்கொண்டிருந்தார். அவருடையது நிஜமான முதுகுவலி.

“ஓய், எனக்கு மூணு பொண்ணு” என்றார். கழுவிய கையையே மறுபடி கழுவினார். ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வாருங்கள் என்று சொல்லிவைத்தேன்.

மூன்று மாதம் கழித்து வண்ணார்பேட்டையில் ஒரு பரிசோதனைக் கூடத்துக்குப் போனேன். முகக்கவசத்தைக் கழற்றிய பெண்ணைப் பார்த்தால், என் பழைய மாணவி. “சுகருக்கா சார்?” என்றாள். இன்ன டெஸ்ட் என்று முணுமுணுத்தேன். அவள் முகத்தில் ஒன்றும் காட்டிக்கொள்ளாமல் டப்பாவை எடுத்துக் கொடுத்தாள். மறுநாள் முடிவைக் கொடுக்கும்போதுதான், “பாடத்துல சொன்னிய. செஞ்சும் காட்டிட்டிய சார்” என்றாள். உயிரணு எண்ணிக்கை பூஜ்யம் என்று முடிவு வந்திருந்தது. கணக்கு டீச்சர் அதைப் படித்துவிட்டு, என் வாழ்க்கையிலேயே நான் வாங்கிய நல்ல மார்க் இதுதான் என்றாள்.

அதற்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமை அம்பாசமுத்திரத்துக்காரர் மனைவியோடு வந்தார். இரண்டு தடவை காபி சாப்பிட்டார். பாபநாசம் அணையில் எத்தனை அடி தண்ணீர், கார் பருவ நெல் சாகுபடிக்குத் திறந்துவிடுவார்களா மாட்டார்களா என்று விரிவாகப் பேசினார். உள்ளே அவர் மனைவி என் மனைவியிடம் நாலாவது வேண்டாம் என்று கையைப் பிடித்துக்கொண்டு சொல்லிக்கொண்டிருந்திருக்கிறாள். இவர் வந்த விஷயத்தை எடுக்கவே இல்லை. நானும் எத்தனை நேரம்தான் அணையைத் திறந்து மூடுவது? வாசலில் செருப்பை மாட்டும்போது, “அந்த டாக்டரம்மா திங்கக்கிழமை இருப்பாளோ?” என்று கேட்டார். இருப்பார் என்றேன். தலையை ஆட்டிவிட்டுப் போனார்.

அப்புறம் பேச்சுமூச்சில்லை. பயந்துவிட்டார் என்று நினைத்தேன். சித்திரை பிறந்த சமயத்தில் ஒருநாள் போன் வந்தது. குரல் கிசுகிசுவென்று இருந்தது.

“முடிஞ்சுடுத்து ஓய். நேத்திக்கு. ஆத்துல எங்கம்மாகிட்டப் பல்லு பிடுங்கிண்டேன்னு சொல்லியிருக்கேன். யாராவது கேட்டா நீரும் அதையே சொல்லும்.”

“சரி. எந்தப் பல்லுன்னு கேட்டா?”



“கடைவாய்ப் பல்லு” என்றார். “ரெண்டு பக்கமும்.”